வலை கட்டின பக்கம்

“பயம் வராம இருக்குமாக்கா, வரும். ஆனா கீழ இறங்கும்போது வராது. மேல நிக்கும்போதுதான் வரும்,” அப்படின்னான் வெயில்முத்து. சொல்லி முடிச்சதும், இதையே இதே சிரிப்போட எத்தனை பேர்கிட்ட சொல்லியிருப்போம்னு தோணுச்சு. பனிச்சறுக்குல தேசியப் போட்டியில தங்கம் வாங்கினவன்னு தெரிஞ்சா ஜனங்க கேக்குற முதல் கேள்வி, பயமா இருக்காதாங்கறது. ரெண்டாவது கேள்வி, சம்பளம் எவ்வளவுங்கறது. கோமதியக்கா ரெண்டாவதை லிஃப்ட்ல ஏறுறதுக்கு முன்னாடியே கேட்டு முடிச்சிருந்தாங்க. சங்கரன்கோவில்ல இருந்து கிளம்பி ரயில் மாறி ரயில் ஏறி இந்த இமாசல மலைக்கு வந்திருந்த டூர் கூட்டத்துல அவங்களும் ஒருத்தர். பர்சோலி ரிசார்ட்டோட சேர்லிஃப்ட்ங்கிறது ரெண்டு பேர் உக்கார்ற பெஞ்சு, மேல ஒரு கம்பி, குறுக்க நெஞ்சுக்கு நேரா ஒரு தடுப்பு, காலுக்குக் கீழ ஒண்ணும் கிடையாது. இதுல தனியா ஏற மாட்டேன், முன்னப்பின்ன தெரியாத இந்திக்காரன்கூடவும் ஏற மாட்டேன், இங்க மேனேஜரா நம்ம விருதுநகர்ப் பிள்ளை இருக்காராமே அவர் வரட்டும்னு கோமதியக்கா கீழயே நின்னுட்டாங்க. அதனால அவன் வந்தான். காலில ஸ்கீயை மாட்டினபடி, அது ரெண்டும் பலகை மாதிரி அந்தரத்துல தொங்க, மஃப்ளருக்கு மேல மஃப்ளர் சுத்தின ஒரு அம்மாவுக்குத் துணையா. உண்மையில இந்நேரம் அவன் கீழ முதலாளி சூத் பக்கத்துல நின்னு கைதட்டிக்கிட்டு இருக்கணும். புதுசாப் பழகுறவங்களுக்குன்னே அவன் வெட்டின நீலப் பாதைக்கு இன்னைக்குத் திறப்பு. சிம்லாவில இருந்து சுற்றுலா அதிகாரி வந்தாச்சு, ரிப்பன் வெட்டியாச்சு, லட்டு குளிர்ல கல்லாகி அதை யாரும் கடிக்க முடியாம கையில வச்சுக்கிட்டு நிக்கிறாங்க.

“எங்க சார் அதுலதான் வர்றாரு,” ன்னாங்க கோமதியக்கா. சார்ங்கிறது வீட்டுக்காரர். மின்வாரியத்துல லைன் இன்ஸ்பெக்டரா இருந்து ரிட்டயர் ஆனவர், பேரு ஆவுடையப்பன். ரெண்டு நாள் கிளாஸ் போனார், மூணாவது நாளே நீலப் பாதைக்கு வரிசையில நின்னுட்டார். “ரிட்டயர் ஆகிட்டா வீட்ல உக்காருவாருன்னு பார்த்தா இந்த வயசுல சறுக்குறாராம். கம்பத்துல ஏறாதீங்கன்னு முப்பது வருசம் சொன்னேன், கேக்கலை. இப்ப சறுக்காதீங்கன்னா கேப்பாரா. நீங்க போட்ட பாதைதான தம்பி, ஒண்ணும் ஆகாதுல்ல.” ஒண்ணும் ஆகாதுக்கா, வலை கட்டியிருக்கேன்னான். அந்தப் பதில் வாயில இருந்து எவ்வளவு சுலபமா வருதுன்னு அவனுக்கே ஆச்சரியமா இருந்துச்சு. பெஞ்சு மெல்ல ஆடிச்சு. தேவதாரு மரத்து உச்சி எல்லாம் காலுக்குக் கீழ நழுவிப் போச்சு. “அப்புறம் தம்பி, சொல்லணும்னு இருந்தேன். எங்க ரூம் பாத்ரூம்ல வாட்டமே சரியில்லை. தண்ணி ஊத்தினா ஓட்டைக்குப் போகாம கதவுப் பக்கம் வருது. காலையில எந்திரிச்சா மெத்தை வரைக்கும் ஈரம். மேனேஜர்னா அதையும் கொஞ்சம் பாருங்க.” பார்க்கிறேங்கக்கான்னான். மேனேஜர்னா எல்லாத்தையும் பார்க்கணும். பனி அதிகமாக் குளிருதுன்னு போன வருசம் ஒருத்தர் புகார் எழுதிக் கொடுத்துட்டுப் போனார், அதுக்கும் வருந்துகிறோம்னு ஒரு பதில் அனுப்பினான். ஸ்கீயில இருந்தப்போ அவனுக்குன்னு ஒரே ஒரு வேலை, மேல இருந்து கீழ போறது. இப்ப கீழ இருக்கிறவங்களை எல்லாம் மேல கொண்டுபோய் மறுபடி கீழ முழுசாக் கொண்டு வர்றது. முழுசாங்கிற வார்த்தை ஏன் இப்ப வந்துச்சு. வரட்டும். அதுல என்ன. முழுசாத்தான் வர்றாங்க.

வெயில்முத்துன்னு பேரை வச்சுக்கிட்டு பனியில என்ன பண்றீங்கன்னு கேக்காத ஆள் இல்லை. வெயிலுகந்தம்மனுக்கு நேந்துக்கிட்டு வச்ச பேருன்னு சொன்னா இந்திக்காரங்களுக்குப் புரியாது, தமிழ்க்காரங்களுக்குச் சிரிப்பு வரும். பட்டாளத்துல சேர்ந்து முதல் மலைக்கு வந்தப்போ ஒரு சுபேதார், பனியைப் பார்த்தவன் எல்லாம் இந்தப் பக்கம் நில்லு, பார்க்காதவன் எல்லாம் அந்தப் பக்கம் நில்லுன்னார். பார்க்காதவன் பக்கம் நின்னவங்களைத்தான் சறுக்குப் படிக்க அனுப்பினாங்க. கெட்ட பழக்கம் எதுவும் இருக்காதாம். விருதுநகர்ல அவன் பார்த்த ஒரே பனி, மீன் வண்டியில உமியோட சேர்ந்து உருகி ஒழுகினதுதான். முதல் நாள் விழுந்த விழுக்குல வாய்க்குள்ள போன பனிக்கு ஒரு ருசியுமில்லைன்னு ஏமாந்து போனது ஞாபகம் இருக்கு. ஆனா விழுந்தது அந்த ஒரு மாசந்தான். அப்புறம் விழலை. விழுந்தா அது ரேஸ்ல விழுந்த விழுக்கு, வேகத்துல தூக்கி எறிஞ்சது, அதுக்குப் பேரே வேற. அந்த முதல் மாசத்துல எப்படி விழுந்தோம், எந்தப் பக்கம் விழுந்தோம், யோசிச்சா வரமாட்டேங்குது. பல்லு முளைச்சதை யாராவது ஞாபகம் வச்சிருக்காங்களா, அது மாதிரி. ரேஸ் அன்னைக்குக் காலையில வழியைச் சறுக்கிப் பார்க்க விடமாட்டாங்க. பக்கவாட்டுல உரசி உரசி இறங்கி, திரும்ப வேண்டிய இடத்துல நட்டிருக்கிற ஒவ்வொரு கொடியையும் கண்ணால மனப்பாடம் பண்ணிக்கணும். அப்புறம் மேல போய் நின்னு, கண்ணை மூடி, வலது கையை மீன் மாதிரி முன்னால நீட்டி, இங்க திரும்பி அங்க திரும்பி, உள்ளுக்குள்ளயே முழு வழியையும் ஓடிப் பார்த்துரணும். அத்தனை பேரும் வரிசையா கண்ணை மூடிக் கையை ஆட்டிக்கிட்டு நிக்கிறதைப் புதுசாப் பார்க்கிறவன் குறி கேக்குற கூட்டம்னு நினைச்சுக்குவான். அந்தப் பழக்கம் போகலை. பேங்க் வரிசையில, தங்கச்சி கல்யாணத்துல முகூர்த்த நேரத்துல, எங்க கண்ணை மூடினாலும் கை தானா ஓடும்.

“கை என்ன தம்பி இப்படி நடுங்குது,” ன்னு கேட்டாங்க கோமதியக்கா. குறுக்குக் கம்பிக்கு மேல அவனோட வலது கை நெளிஞ்சுக்கிட்டு இருந்துச்சு. ஒண்ணுமில்லைக்கா, பழக்கம்னு கையை எடுத்துத் தொடைக்கு அடியில வச்சுக்கிட்டான். “எங்க கொழுந்தனாருக்கும் இப்படித்தான் ஆரம்பிச்சுச்சு. நரம்புக்கு மாத்திரை எழுதினாங்க. காலையில பேரீச்சம்பழம் சாப்பிடுங்க.” சாப்பிடுறேன்னான். நீலப் பாதையை வெட்டினதும் இந்தக் கையை வச்சுத்தான். எங்க வலை கட்டணும்னு இன்ஜினியர் கேட்டப்போ வெயில்முத்து மலையுச்சியில நின்னு கண்ணை மூடினான். ஓடினான். பாதை பாதி தூரத்துல வலது பக்கமா வளையும். அந்த வளைவுல வேகம் அவனை இடது பக்கம் வெளியே தள்ளுச்சு. மறுபடி ஓடினான், மறுபடி இடது பக்கம். எத்தனை தடவை ஓடினாலும் தூக்கி எறிஞ்சது இடது பக்கம். கண்ணைத் திறந்து, இடது பக்கம் கட்டுங்கன்னு சொன்னான். கட்டினாங்க. இரும்புக் கம்பம் நட்டு, ஆள் உயரத்துக்கு மேல, சிவப்பு வலை. லாரி மோதினாலும் தாங்கும்னு இன்ஜினியர் சொன்னார். இங்க லாரி வராதுன்னு அவன் சொன்னான். சோதனை ஓட்டம் பார்த்தது அவன், ரோந்துத் தலைவர் பல்தேவ், அப்புறம் சொல்லிக் கொடுக்கிற வாத்தியார்ங்க. எல்லாரும் சொர்ருன்னு வந்து, வளைஞ்சு, போயிட்டாங்க. ரொம்ப நல்ல பாதைன்னாங்க. அதுல ஒருத்தர்கூட விழலை. இப்ப அது ஏன் ஒரு குறை மாதிரி மனசுல வந்து உக்காருது.

லிஃப்ட் அந்த வளைவுக்கு மேல வந்துச்சு. மேல இருந்து, இவ்வளவு மெதுவா, இவ்வளவு சும்மா உக்கார்ந்துக்கிட்டு, இந்த வளைவை அவன் பார்த்ததே இல்லை. எப்பவும் அதுமேல நின்னுதான் பார்த்திருக்கான், இல்லைன்னா பறந்து கடந்திருக்கான். ரிப்பன் வெட்டினதுல இருந்து ரெண்டு மூணு கூட்டம் இறங்கியிருந்துச்சு, பனியில கோடு கோடாத் தடம். இறங்குறவனுக்கு இடது பக்கம், வலை பக்கத்துல, பனி தொட்டுப்பார்க்காத துணி மாதிரி கிடந்துச்சு. ஒரு தடமும் இல்லை. தடம் எல்லாம் வலது பக்கம் சாஞ்சு, வளைவோட உள்பக்கத்துக்கு, ஒண்ணுமேல ஒண்ணு சேர்ந்து போயிருந்துச்சு. அந்த உள்பக்கத்துல வலை இல்லை. அந்தப் பக்கம் ஒரு ஓடை. ஓடைன்னு இப்ப சொல்ல முடியாது, போன வாரக் காத்து பனியைக் கொண்டுவந்து மேல ஒரு தட்டு போட்டு மூடிருச்சு. பார்த்தா தரை மாதிரியே இருக்கும். அடியில பாறையும் தண்ணியும் இருக்கிறது அவனுக்குத் தெரியும், ஐப்பசியில அந்தப் பாறைமேல உக்கார்ந்துதான் பீடி குடிச்சான். சரி, தடம் வலது பக்கம் இருந்தா என்ன. வாத்தியார் அந்தப் பக்கமாக் கூட்டிட்டுப் போயிருப்பார். நிழல் அந்தப் பக்கம் இருக்குறதால பனி நல்லா இருக்கும், அதான். இல்லைன்னா யாராவது போட்டோ எடுக்க ஒதுங்கியிருப்பாங்க. போட்டோ எடுக்க இத்தனை பேரா ஒதுங்குவாங்க. ஒதுங்குவாங்க, இப்பெல்லாம் ஒதுங்குவாங்க. அப்படி நினைச்சுக்கிட்டே இருக்கும்போது மேல கம்பியில கடக்குன்னு ஒரு சத்தம், பெஞ்சு முன்னயும் பின்னயும் ரெண்டு ஆட்டம் ஆடி நின்னுபோச்சு.

கோமதியக்கா அவன் கையைப் பிடிச்சுக்கிட்டாங்க. “என்ன தம்பி, கரண்ட் போச்சா.” இல்லைக்கா, கீழ யாராவது ஏறும்போது தடுக்கியிருப்பாங்க, நிறுத்தித் தூக்கி விட்டுட்டு ஓட்டுவாங்க, இப்ப வந்துரும்னான். அது தினமும் நடக்கிறதுதான். ஆனா இன்னைக்கு நின்ன இடம் சரியா வளைவுக்கு நேர் மேல. நாலு மாடி உயரத்துல, காத்துல, காலில பலகையோட, குதிக்கவும் முடியாம. கீழ ஒரு பிள்ளை வந்துச்சு, காலேஜ் படிக்கிற வயசு, ரெண்டு பாதத்தையும் உள்ள திருப்பிக்கிட்டு. பனியில வேகம் குறைக்க அப்படித்தான் முக்கோணம் பிடிக்கணும். வாத்தியார்ங்க அதுக்குச் சமோசான்னு பேரு வச்சிருந்தாங்க. மேல இருந்து சமோசா, சமோசான்னு ஒரு குரல் கத்திக்கிட்டே இருந்துச்சு. அந்தப் பிள்ளை வளைவுக்கு வந்து, சமோசா பிரிஞ்சு, மெதுவா, ரொம்ப மெதுவா, வலது பக்கம் சாஞ்சு உக்கார்ந்து, உக்கார்ந்த வாக்குல இன்னும் கொஞ்சம் சறுக்கி நின்னுச்சு. சிரிச்சுக்கிட்டே எந்திரிச்சுப் போயிருச்சு. ஓடைக்கும் அது நின்ன இடத்துக்கும் ஒரு கட்டில் நீளம் இருக்கும். அடுத்து ஒருத்தர். அவரும் வலது பக்கம். பழகாதவனை வேகம் வெளியே தள்ளாது. அவன்கிட்ட வேகமே இல்லை. அவனைத் தரைதான் இழுக்கும், தரை எந்தப் பக்கம் சாஞ்சிருக்கோ அந்தப் பக்கம். வாட்டம். வெயில்முத்துவுக்குக் காது மடல் சுட்டுச்சு. கதவுப் பக்கம் போற தண்ணி. மெத்தை வரைக்கும் ஈரம். இந்த மலையோட வாட்டம் வலது பக்கம் இருக்கு, ஓடையைப் பார்த்து, ஓடை அங்க இருக்கிறதே அதனாலதான, தண்ணிக்குத் தெரிஞ்சது எனக்குத் தெரியலையே. கண்ணை மூடி அத்தனை தடவை ஓடினேன். ஒரு தடவைகூட மெதுவா ஓடலை. ஒரு தடவைகூடப் பயந்துக்கிட்டு ஓடலை. எனக்கு நானே கட்டிக்கிட்ட வலை அது. நான் விழுற இடத்துல கட்டியிருக்கேன்.

வாக்கிடாக்கி சட்டைக்குள்ள அக்குள் பக்கம் இருந்துச்சு. குளிர்ல பேட்டரி செத்துரும்னு எல்லாரும் அங்கதான் வைப்பாங்க, ஒரு குழந்தையை அணைச்ச மாதிரி. எடுத்தா ஒரு பட்டன். அமுக்கி, பல்தேவ், நீலப் பாதையை மூடுன்னா மூடிருவான். அவ்வளவுதான். அவ்வளவுதானா. சூத் அவனைத் தேடி வந்து வேலை கொடுத்த ஆள். முழங்கால் போய், பட்டாளத்துல இருந்து வந்து, ராத்திரி ராத்திரியா அஞ்சல் வழியில சுற்றுலா மேலாண்மை டிப்ளமோ எழுதி, அதுல விருந்தினர் அனுபவம்னு ஒரு பாடத்தை ரெண்டு தடவை கோட்டை விட்டுப் பாஸ் பண்ணி, எங்கயும் வேலை கிடைக்காம இருந்தப்போ, சாம்பியன் என் ரிசார்ட்டுக்கு வேணும்னு கூட்டிட்டு வந்தார். ஆனா போன மாசம் காத்து பலமா இருக்குன்னு ரெண்டு தடவை லிஃப்ட்டை நிறுத்தினப்போ, டீயை உறிஞ்சிக்கிட்டே, வெயில்ஜி, நான் சாம்பியனைத்தான் எடுத்தேன், வாட்ச்மேனை எடுக்கலைன்னார். இந்த சீசன் பார்ப்போம்னார். பார்ப்போம்னா என்ன அர்த்தம்னு ஊர்ல இருந்து பெண்டாட்டி பேச்சித்தாய் போன்ல கேட்டா. பார்ப்பாராம்னு சொன்னான். திறப்பு விழா அன்னைக்கே, அதிகாரி முன்னாடியே, டிவிக்காரன் முன்னாடியே பாதையை மூடினா பார்க்கிறதுக்கு ஒண்ணும் மிச்சமிருக்காது. விருதுநகருக்கு வண்டி ஏற வேண்டியதுதான். பட்டாளத்துல இருந்து வந்தவனுக்கு ஊர்ல என்ன வேலை, ஏடிஎம் வாசல்ல ஸ்டூல். ஏசி இருக்கும், அதுவும் குளிர்தான், குளிர் விடாம இருக்கும். வீட்ல கண்ணாடிப் பெட்டிக்குள்ள மெடல், வாசல்ல ஸ்டூல். சரி, அதை விடு. மூடலாமா. மூடி, ஒண்ணும் நடக்கலைன்னா. மூடினா ஒண்ணும் நடக்காதே, அதான வம்பு. நடக்காததை யாருக்குக் காட்டுறது. பாருங்க சார், யாரும் விழலைன்னு எந்த அதிகாரிகிட்டப் போய்ச் சொல்றது. மூடாம விட்டா. விட்டாலும் அநேகமா ஒண்ணும் நடக்காது. ஒரு கட்டில் நீளம் மிச்சமிருக்கு. பனித்தட்டு கெட்டியாக்கூட இருக்கலாம். சாயங்காலம் கூட்டம் போன பிறகு சத்தமில்லாம வலையை இந்தப் பக்கம் மாத்திரலாம், ராத்திரியோட ராத்திரியா, யாருக்கும் தெரியாம, நாளைக்கு முதல்லயே அங்கதான் இருந்த மாதிரி. ஆமா, சாயங்காலம். சாயங்காலத்துக்குள்ள எத்தனை பேர் இறங்குவாங்க. இது நிஜமாவே பயப்பட வேண்டிய விஷயமா, இல்லை எப்பவும் மேல நிக்கும்போது வர்ற அந்தப் பழைய பயமா. ரேஸ் தொடங்குறதுக்கு முன்னாடி எப்பவும் வயித்துக்குக் கீழ ஒரு குளிர், ஒண்ணுக்கு முட்டுற மாதிரி, கொடி எல்லாம் தப்பான இடத்துல நட்டிருக்காங்கன்னு தோணும். ஒரு தடவையும் தப்பா இருந்ததில்லை. அதையும் நம்பினதில்லை. அப்ப இதையும் நம்ப வேண்டாமா. இதுவும் அதேதானா. அதே குளிர்தான் வயித்துல. ஆனா அப்ப கண்ணால பார்த்தது எதுவும் கிடையாது, இப்ப தடம் இருக்கே. தடம்னா, வெறும் தடந்தான.

“அந்தா வர்றாரு,” ன்னாங்க கோமதியக்கா. “மஞ்சச் சட்டை. ஹெல்மெட்டுக்கு அடியில குரங்குக் குல்லா. வேண்டாம்னேன், போட்டுக்கிட்டுத்தான் போனாரு.” பாதையோட மேல் முனையில மஞ்சள் சட்டை தெரிஞ்சுது. ஆவுடையப்பன் வாத்தியாரை முந்திக்கிட்டு, கையில ஊன்றுற கம்பு ரெண்டையும் ரெண்டு பக்கமும் அகட்டிப் பிடிச்சு, சமோசா மாதிரி ஒண்ணைப் பிடிச்சுக்கிட்டு வந்தார். எந்நேரமும் மின்கம்பத்தை அண்ணாந்து பார்த்துப் பழகின ஆள், வழியைப் பார்க்காம லிஃப்ட் கம்பியைப் பார்த்துக்கிட்டே வந்தார். கம்பி ஏன் ஓடலைன்னு அவருக்குக் கவலை. கனமான உடம்பு. அந்தக் காலேஜ் பிள்ளை எடை வேற, இவர் எடை வேற. கட்டில் நீளம் பத்தாது. வெயில்முத்து சட்டைக்குள்ள கையை விட்டான். விட்ட கை அங்கயே நின்னுச்சு, சூடா இருந்துச்சு உள்ள. அப்புறம் எடுத்தான். பட்டனை அமுக்கி இந்தியில, “பல்தேவ், நீலப் பாதையை மூடு. இப்பவே. மேல இருந்து யாரையும் இறங்க விடாதே,” ன்னான். கொஞ்ச நேரம் கொர்ருன்னு இரைச்சல். “சார், சூத் சார் பக்கத்துலதான் நிக்கிறார். அதிகாரி போட்டோ எடுக்குறார்.” தெரியும்னான். “என்ன காரணம்னு சொல்லட்டும் சார்.” காரணம். வாட்டம்னு இந்தியில எப்படிச் சொல்றது, தெரியலை. “வலை தப்பான பக்கம் கட்டியிருக்கு. நான்தான் கட்டச் சொன்னேன். மூடு.” சரி சார்னு பல்தேவ் குரல் வந்துச்சு. ஆனா அது மேல வரிசையில நிக்கிறவங்களுக்கு. மஞ்சள் சட்டை ஏற்கெனவே பாதையில இறங்கியாச்சு. வாத்தியார் ரொம்பப் பின்னால.

“அக்கா, அவரை உக்காரச் சொல்லுங்க.” “யாரை.” “சாரை. அந்த வளைவுக்கு முன்னாடி உக்காரணும். நான் சொன்னா யாரோன்னு நினைப்பார். நீங்க சொல்லுங்க.” கோமதியக்கா அவன் முகத்தைப் பார்த்தாங்க. என்னன்னு கேக்கலை. மஃப்ளரை வாயில இருந்து இறக்கிட்டு, அந்த மலை அதுவரைக்கும் கேட்டிருக்காத ஒரு குரல்ல, “என்னங்க, உக்காருங்க,” ன்னு கூப்பிட்டாங்க. அவர் அண்ணாந்து பார்த்தார். சந்தோசமா ஒரு கம்பைத் தூக்கி ஆட்டினார். “உக்காருங்கங்கறேன்.” “என்னது.” “உக்காருங்க.” “எதுக்கு உக்காரணும், நல்லாத்தான வர்றேன்.” வர்றார். வளைவு கிட்ட வந்துருச்சு. வெயில்முத்துவோட வலது கை தானா நீண்டு அவருக்காக ஓட ஆரம்பிச்சுது, இந்தத் தடவை கண்ணைத் திறந்தபடி, மெதுவா, கனமா, காலுக்கு அடியில நிக்காத ரெண்டு பலகையோட. கை வலது பக்கம்தான் போச்சு. வேற எங்கயும் போகலை. “இப்ப உக்காரப் போறீங்களா இல்லையா,” ன்னாங்க கோமதியக்கா. அது உரக்கச் சொன்னதில்லை, ஆனா வருசக்கணக்கா அந்த வீட்ல அந்தத் தொனிக்கு ஒரு மரியாதை இருந்திருக்கணும். ஆவுடையப்பன் அப்படியே பொத்துன்னு பின்பக்கமா உக்கார்ந்துட்டார். உக்கார்ந்தும் நிக்கலை. சறுக்கினார், வலது பக்கம், காலை உதைச்சுக்கிட்டு, கையால பனியைப் பிறாண்டிக்கிட்டு. பிள்ளை நின்ன இடத்தைத் தாண்டி, அதுக்கும் அங்கிட்டு ஒரு எட்டு போய் நின்னார். கையில இருந்த கம்புல ஒண்ணு மட்டும் விட்டுப்போய் நிக்காம, அவரை விட்டுட்டு, பனிமேல ஒரு சத்தமும் இல்லாம, அவசரமே இல்லாம, இன்னும் வலது பக்கமா வழுக்கிக்கிட்டே போய், தரை மாதிரி இருந்த அந்த வெள்ளைமேல ஒரு சின்ன ஓட்டையைப் போட்டுக்கிட்டு உள்ள போயிருச்சு. இருந்துச்சு, இல்லை. ஓட்டை கறுப்பா இருந்துச்சு. மேல இருந்து பார்த்தா அதுல ஆழம் தெரியலை, ஆனா கொஞ்சம் கழிச்சு, காத்து ஓய்ஞ்ச ஒரு நேரத்துல, பாறையில எதுவோ கணீர்னு பட்ட சத்தம் மட்டும் கேட்டுச்சு.

கீழ ஆவுடையப்பன், எந்திரிக்கவா வேண்டாமான்னு கை ஜாடை காட்டினார். கோமதியக்கா, அசையாதீங்கன்னு காட்டினாங்க. வாத்தியார் வந்து சேர்ந்து அவர் சட்டைக் காலரைப் பிடிச்சு மேல் பக்கமா இழுக்கிறது தெரிஞ்சுது. “வாடகைக் கம்பாச்சே தம்பி அது,” ன்னாங்க கோமதியக்கா, மஃப்ளரை மறுபடி சுத்திக்கிட்டே. குரல் சாதாரணமாத்தான் இருந்துச்சு, சுத்துற கைதான் முடிச்சைத் தேடிக்கிட்டே இருந்துச்சு. “கம்பு போனாப் போகுதுக்கா.” “நீங்க வலை கட்டியிருக்கேன்னு சொன்னீங்களே.” ஆமாக்கா, கட்டியிருக்கேன்னு வளைவோட அந்தப் பக்கம் காட்டினான். சிவப்பு வலை, கறை படாம, காத்துல லேசா ஆடிக்கிட்டு, யாரும் வராத ஒரு கல்யாணப் பந்தல் மாதிரி நின்னுச்சு. அவங்க அதைப் பார்த்தாங்க, இந்தப் பக்கம் ஓட்டையைப் பார்த்தாங்க, திரும்ப அவனைப் பார்த்தாங்க. திட்டுவாங்கன்னு காத்திருந்தான். திட்டினா நல்லா இருக்கும்னுகூட இருந்துச்சு. “எங்க பாத்ரூம்லயும் இப்படித்தான்,” ன்னாங்க. “ஓட்டை ஒரு பக்கம், வாட்டம் ஒரு பக்கம். கட்டினவன் குளிச்சுப் பார்த்திருக்க மாட்டான்.” மேல கடக்குன்னு சத்தம் வந்து பெஞ்சு நகர ஆரம்பிச்சுது. வளைவு பின்னால போச்சு. வெயில்முத்து கழுத்தைத் திருப்பிப் பார்த்துக்கிட்டே வந்தான். இங்க இருந்து அந்த ஓட்டை தெரியலை. கீழ நிக்கிறவங்களுக்கும் தெரியாது. காத்து இன்னொரு தடவை அடிச்சா அதுவும் மூடிக்கும், தரை மாதிரி. சூத் வந்து பார்க்கிறதுக்குள்ள மூடிக்கும். ஒரு கம்பு காணோம், அவ்வளவுதான் கணக்குல இருக்கும். இப்படி நினைக்கும்போதே உள்ள ஒரு குரல், அப்ப இப்பகூடச் சமாளிச்சுரலாம்ல, வளைவுல ஐஸ் இருந்துச்சு அதான் மூடினேன்னு சொல்லிரலாம்ல, வலையை மட்டும் ராத்திரி மாத்திரலாம்லன்னு ஆரம்பிச்சுது. வாக்கிடாக்கியில சொன்னது சொன்னதுதானேன்னு அதுக்கு ஒரு பதில் வந்துச்சு. எல்லாரும் கேட்டிருப்பாங்க. கேட்டது நல்லதாப் போச்சு. இல்லைன்னா தன்னை நம்பியிருக்க முடியாதுன்னு அவனுக்குத் தெரிஞ்சுது.

உச்சி ஸ்டேஷன்ல இறங்கி, கோமதியக்காவைக் கையைப் பிடிச்சுப் பலகைத் தரையில நிறுத்தினான். டீக்கடை அந்தப் பக்கம்னு காட்டினான். சாரைக் கீழ கொண்டுபோய்ச் சூடா உக்கார வைக்கச் சொல்றேன், நீங்க பயப்படாதீங்கன்னான். “நான் பயப்படலை தம்பி. அவர் இன்னைக்குப் பூரா நீ கத்தினதாலதான் விழுந்தேன்னு சொல்லுவாரு, அதுக்குத்தான் இப்பவே தலைவலி,” ன்னாங்க. போகாம அங்கயே நின்னாங்க. பாதையோட வாசல்ல குறுக்கக் கயிறு கட்டியாச்சு. வரிசையில நின்ன கூட்டம் முணுமுணுத்துக்கிட்டு நின்னுச்சு, ஒருத்தர் இதுக்கா இத்தனை தூரம் வந்தோம்னு தமிழ்லயே சொன்னார். வாக்கிடாக்கி கொர்ருன்னுச்சு. இந்தத் தடவை பல்தேவ் இல்லை. “வெயில்ஜி,” ன்னார் சூத். ஜி இன்னும் ஒட்டிக்கிட்டுத்தான் இருந்துச்சு. “கீழ வாங்க. அதிகாரி உங்களைக் கேக்குறார். நானும் கேக்குறேன்.” வர்றேன் சார்னான். எந்த வழியா வர்றீங்க, லிஃப்ட்லயான்னு சூத் கேட்டார். இல்லை, நீலப் பாதையிலன்னான். வயித்துக்குக் கீழ அந்தக் குளிர் வந்துருச்சு, சரியான நேரத்துக்கு, பழைய கூட்டாளி மாதிரி. கயித்தைத் தூக்கி அடியில குனிஞ்சு போனான். கண்ணை மூடலை. கையை நீட்டலை. வாலிபத்துல அந்த ஒரு மாசத்துக்கு அப்புறம் செய்யாததைச் செஞ்சான், ரெண்டு பாதத்தையும் உள்ள திருப்பி, சமோசா பிடிச்சு, முட்டியை மடக்கி, புதுசா வந்த ஆள் மாதிரி மெதுவா, பலகை போற பக்கம் போகட்டும்னு விட்டான். வரிசையில யாரோ சிரிச்சாங்க. வளைவு வர வர, மலை அவனை வலது பக்கமா இழுக்கிறது பாதத்துல தெரிய ஆரம்பிச்சுது. இறங்கும்போது பயம் வராதுன்னு சொல்லியிருந்தான். வந்துச்சு. அதையும் கூட்டிக்கிட்டுத்தான் கீழ போனான்.